பட்டியல் சாதியும் பட்டியல் எழுதும் கையும்

(ஆம்பூரில் மாணவர்களுக்காகவும் இயக்கத் தோழர்களுக்காகவும் நடந்த ஒருநாள் பயிலரங்கில் பேசியதன் எழுத்து வடிவம். பேச்சுநடை சில இடங்களில் அப்படியே விடப்பட்டுள்ளது.)



கவிதை பற்றிப் பேசுவான் என்று எதிர்பார்த்து வந்தவர்களுக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான். நான் இன்றைக்குப் பேசப்போவது பட்டியல் பற்றி. பகலெல்லாம் பேங்க்கில் பட்டியல் போடுகிறவன், ராத்திரியில் கவிதை எழுதுகிறவன் என்ற முறையில் இரண்டுக்கும் உள்ள உறவு எனக்குத் தெரியும். இரண்டிலும் பெயர் வைப்பதுதான் வேலை.

பட்டியல் என்கிற சொல்லை நம்மைவிட அனுபவித்து அறிந்தவர்கள் யார்? 1935ஆம் ஆண்டு இந்திய அரசுச் சட்டத்தின் அடிப்படையில் 1936இல் ஒரு அட்டவணை போட்டார்கள். அன்றிலிருந்து நாம் அட்டவணைச் சாதி, பட்டியல் சாதி. அந்தப் பட்டியலால் நமக்கு உரிமை வந்தது, மறுக்கவில்லை. அதற்காகப் போராடிய தலைவர்கள் நம் தலைவர்கள். ஆனால் பட்டியலை எழுதிய பேனா நம் கையில் இல்லை. யார் உள்ளே, யார் வெளியே, எந்தப் பெயரில், எந்த எழுத்துக்கூட்டலில் என்பதையெல்லாம் வேறு யாரோ முடிவு செய்தார்கள்.

இதே கதைதான் ஆவணக் காப்பகத்துக்குள்ளும் நடக்கிறது. அதைப் பற்றித்தான் பேச வந்தேன்.

1

எழும்பூரில் தமிழ்நாடு ஆவணக் காப்பகம் இருக்கிறது. 1909இல் மெட்ராஸ் ரெக்கார்டு ஆபீஸாக அந்தச் சிவப்புக் கட்டடத்துக்குள் வந்தது. கம்பெனிக் காலத்திலிருந்து நம் முன்னோர்களைப் பற்றி அதிகாரிகள் எழுதியதெல்லாம் அங்கே கட்டுக் கட்டாக இருக்கிறது. மாணவத் தோழர் ஒருவர் அங்கே போய், 'எங்க சேரியப் பத்தி இருக்குற காகிதத்தக் குடுங்க' என்று கேட்டால் என்ன நடக்கும்? ஒன்றும் நடக்காது. எந்தத் துறை, எந்த அரசாணை, என்ன எண், என்ன தேதி என்று சீட்டில் எழுதித் தரவேண்டும். எண் தெரிந்தவனுக்குத்தான் கட்டு வரும்.

எண்ணை எப்படித் தெரிந்துகொள்வது? அதற்குத் துறைவாரியாக இன்டெக்ஸ் இருக்கிறது. இந்த மாதிரிப் பட்டியல்களுக்கும், ஒரு தொகுப்பில் என்ன இருக்கிறது, யாருடையது, எப்படி அடுக்கப்பட்டிருக்கிறது என்று விவரித்துச் சொல்லும் கையேடுகளுக்கும் பொதுப்பெயர் ஃபைண்டிங் எய்டு. நான் தேடுகையேடு என்று சொல்கிறேன். நூலகத்தில் ஒரு புத்தகத்துக்கு ஒரு அட்டை போதும். காப்பகத்தில் அது நடக்காது. ஐயாயிரம் கடிதத்துக்கு ஐயாயிரம் அட்டை யார் எழுதுவது? அதனால் மொத்தத் தொகுப்பைப் பற்றி முதலில், பிறகு அதிலுள்ள வரிசைகள், பிறகு கோப்புகள், தேவைப்பட்டால் ஒவ்வொரு தாள் என்று மேலிருந்து கீழே இறங்குவார்கள்.

தேடுகையேட்டில் வராத காகிதம் இருந்தும் இல்லாத காகிதம். செல் அரித்தால் அழிந்தது என்று தெரியும். பட்டியலில் ஏறாமல் போனால் அழிந்தது என்றுகூடத் தெரியாது.

இதைக் கம்ப்யூட்டருக்குக் கொண்டுபோக ஒரு பொது முறை வேண்டும் என்று 1993இல் அமெரிக்காவில் பெர்க்லி பல்கலைக்கழக நூலகத்தில் டேனியல் பிட்டி என்பவர் தலைமையில் வேலை தொடங்கினார்கள். 1998இல் முதல் பதிப்பு வந்தது. பெயர் என்கோடட் ஆர்கைவல் டிஸ்கிரிப்ஷன், சுருக்கமாக இ.ஏ.டி. 2002இல் ஒரு பதிப்பு, 2015இல் மூன்றாம் பதிப்பு. ரொம்பப் பெரிய மந்திரம் ஒன்றும் இல்லை. தேடுகையேட்டில் உள்ள ஒவ்வொரு விவரத்துக்கும் முன்னும் பின்னும் ஓர் அடையாளக் குறி போடுவார்கள். இது ஆள் பெயர், இது ஊர்ப் பெயர், இது அமைப்பின் பெயர், இது தேதி என்று மெஷினுக்குப் புரிகிற மாதிரி. அப்படிச் செய்துவிட்டால் சென்னையில் இருக்கிற தொகுப்பையும் லண்டனில் இருக்கிற தொகுப்பையும் ஒரே தேடலில் பிடிக்கலாம். குறி ஒன்றாக இருப்பதால் இது நடக்கிறது. அதனால்தான் தரப்படுத்தல் என்கிறார்கள்.

இதற்கு அடிப்படையாக உலக ஆவணக் காப்பகப் பேரவை வகுத்த விதி ஒன்று இருக்கிறது. ஐ.எஸ்.ஏ.டி.ஜி. என்பார்கள். அதில் 26 கூறுகள். அவற்றில் ஆறு கட்டாயம்: அடையாள எண், தலைப்பு, உருவாக்கியவர், காலம், அளவு, எந்த மட்டத்து விவரிப்பு என்பது. இந்த ஆறையும் மனசில் வைத்துக்கொள்ளுங்கள். இதில் மூன்றாவதுதான் நம் கழுத்தைப் பிடிக்கிற இடம்.

2

உருவாக்கியவர் யார்?

காப்பகவியலில் ஒரு தர்மம் உண்டு. யார் அலுவலில் காகிதம் திரண்டதோ அவர் பெயரில்தான் தொகுப்பு இருக்கவேண்டும், கலைத்து வேறொன்றோடு சேர்க்கக் கூடாது. நியாயமான விதிதான். காகிதம் எங்கே பிறந்தது என்பதை அது காப்பாற்றுகிறது. ஆனால் நம் மக்கள் விஷயத்தில் அது என்ன செய்கிறது பாருங்கள். சேரியிலிருந்து பத்துப் பேர் கைநாட்டு வைத்துக் கலெக்டருக்கு மனு கொடுக்கிறார்கள். மனுவைச் சொன்னவர்கள் அவர்கள், பாடுபட்டவர்கள் அவர்கள், அதற்காக அடிவாங்கியவர்களும் அவர்கள். கோப்பு யாருடையது? கலெக்டருடையது. உருவாக்கியவர் என்கிற இடத்தில் கலெக்டர் அலுவலகம். மனு கொடுத்த பத்துப் பேர் எங்கே? பொருள் என்கிற இடத்தில், 'பறையர்கள் பற்றி' என்று. அவர்கள் எழுதியவர்கள் ஆகவில்லை, எழுதப்பட்டவர்கள் ஆனார்கள். வரலாற்றில் நாம் எப்போதும் செயப்படுபொருளாகவே இருக்கிற இலக்கணம் இங்கேதான் உற்பத்தியாகிறது.

அடுத்தது பெயர். ஒரே மக்கள்தான், ஒரே ஊர்தான். 1890களின் கோப்பில் பறையர். பிறகு பஞ்சமர். பிறகு டிப்ரஸ்டு கிளாஸஸ். எம்.சி. ராஜா சட்டமன்றத்தில் தீர்மானம் கொண்டுவந்து 1922இல் ஆதிதிராவிடர் என்கிற பெயரை அரசு ஏற்ற பிறகு ஆதிதிராவிடர். பிறகு யாரோ வைத்த ஹரிஜன். பிறகு ஷெட்யூல்டு காஸ்ட். ஒரு பெயரை மட்டும் போட்டுத் தேடுகிற மாணவனுக்கு மற்ற காலமெல்லாம் இருட்டு. அமெரிக்காவின் லைப்ரரி ஆஃப் காங்கிரஸ் பொருள்தலைப்புப் பட்டியலைத்தான் உலகத்தின் பல நூலகங்கள் பின்பற்றுகின்றன. அதில் நெடுங்காலம் நமக்கு இருந்த தலைப்பு 'தீண்டத்தகாதவர்கள்'. பிறகுதான் 'தலித்துகள்' என்று மாறியது. நாம் நமக்கு வைத்துக்கொண்ட பெயர் அட்டைப்பெட்டிக்குள் போய்ச்சேர இத்தனை காலம் ஆகியிருக்கிறது.

ஊர்ப்பெயரும் அப்படித்தான். ஆம்பூர்த் தோழர்கள் வடஆர்க்காடு மாவட்டக் கோப்பில் தேடலாம். வாணியம்பாடி, திருப்பத்தூர்க்காரர்கள் 1911க்கு முந்தைய காகிதத்தைச் சேலம் மாவட்டத்தில் தேடணும், ஏன்னா அப்போ திருப்பத்தூர் தாலுகா சேலத்தோட இருந்தது. அதுவரைக்கும் வடஆர்க்காட்டுக்குத் தலைநகரம் வேலூர் இல்லை, சித்தூர். பிறகு 1989இல் வடஆர்க்காடு அம்பேத்கர் மாவட்டம். அந்தப் பெயரும் நிலைக்கவில்லை, வேலூர் மாவட்டம் ஆனது. 2019இல் வேலூர், இராணிப்பேட்டை, திருப்பத்தூர் என்று மூன்றாகப் பிரித்தார்கள். இன்றைக்கு ஆம்பூர் திருப்பத்தூர் மாவட்டம். பேச்சுக்குச் சொல்லவில்லை தோழர்களே, ஒரு குடும்பம் நகராமல் ஒரே குடிசையில் இருந்திருந்தாலும் அவர்கள் காகிதம் நாலு மாவட்டத்துப் பெயரில் சிதறிக் கிடக்கும். நல்ல தேடுகையேடு இதையெல்லாம் ஒன்றோடொன்று கோர்க்கும். ஒரு பெயரைத் தொட்டால் மற்ற பெயரெல்லாம் எழுந்து நிற்கும். இ.ஏ.டி.யில் அதற்கென்றே இடம் இருக்கிறது. இடம் இருந்தால் போதுமா, நிரப்பணும் இல்லையா?

3

இதெல்லாம் படிச்சவங்க சமாச்சாரம், நமக்கென்ன என்று யாராவது நினைக்கலாம். அப்படியானால் பஞ்சமி நிலத்தைப் பற்றிப் பேசுவோம்.

1891இல் செங்கல்பட்டுக் கலெக்டர் பொறுப்பில் இருந்த டிரெமன்ஹீர், அந்த மாவட்டத்துப் பறையர் நிலைமையைப் பற்றி அரசுக்கு அறிக்கை எழுதினார். நிலம் இல்லாததுதான் அடிமைத்தனத்துக்கு வேர் என்று அதில் காட்டினார். அதைத் தொடர்ந்து 1892 செப்டம்பர் 30இல் வருவாய்த்துறை அரசாணை 1010 வந்தது. தரிசு நிலங்களை நம் மக்களுக்கு ஒப்படை செய்யத் தொடங்கினார்கள். நிபந்தனை உங்களுக்குத் தெரியும். முதல் பத்தாண்டுகளுக்கு விற்கக் கூடாது, அடமானம் வைக்கக் கூடாது. பிறகு மாற்றினாலும் ஒடுக்கப்பட்ட சாதியினருக்கே மாற்றவேண்டும். மீறினால் கைமாற்றம் செல்லாது.

இன்றைக்கு அந்த நிலம் எங்கே? யார் கையில்? கேட்டால் தாசில்தார் ஆபீஸில் 'ஆதாரம் கொண்டு வா' என்கிறார்கள். ஆதாரம் யாரிடம் இருக்கிறது? அவர்களிடமே இருக்கிறது! பழைய ஏ-பதிவேட்டின் குறிப்புக் கலத்தில் 'டி.சி. கண்டிஷனல்' என்று ஒரு சின்ன வரி. அதுதான் நம் நிலத்தின் பிறப்புச் சான்றிதழ். 1980களில் யூ.டி.ஆர். என்ற பெயரில் நில ஆவணங்களைப் புதுப்பித்தபோது அந்த வரி பல ஊர்களில் காணாமல் போனது என்பது நம் தோழர்கள் ஊர் ஊராகச் சொல்லும் குற்றச்சாட்டு. பட்டா கம்ப்யூட்டருக்குப் போனது. கம்ப்யூட்டர் சிட்டாவில் இன்றைய அனுபவதாரர் பெயர் பளிச்சென்று வருகிறது. யாருக்கு, எந்த நிபந்தனையில் முதலில் கொடுத்தது என்பதைத் தேடித்தான் எடுக்கவேண்டும்.

பேங்க்கில் எங்கள் சீனியர்கள் ஒரு விஷயம் சொல்வார்கள். பழைய லெட்ஜரில் ஓரமாகப் பென்சிலில் எழுதி வைத்திருப்பார்களாம்: 'கைநாட்டு, கண் தெரியாது, மகளோடு வந்தால் மட்டும் பணம் தரவும்' என்று. கணக்கு கம்ப்யூட்டருக்கு மாறியபோது பெயர் போனது, பாக்கித்தொகை போனது, வட்டி போனது. பென்சில் குறிப்புக்கு அங்கே கட்டம் இல்லை. யாரும் திட்டமிட்டு அழிக்கவில்லை. கட்டம் இல்லாததால் அது செத்துப்போனது. பஞ்சமி நிலத்தின் குறிப்புக் கலமும் அதே இனம்தான். என்ன வித்தியாசம் என்றால், இங்கே அது செத்துப்போனதில் லாபம் அடைந்தவர்கள் இருக்கிறார்கள்.

பஞ்சமி நில மீட்புக்காகப் போராடியதற்கு 1994 அக்டோபர் 10இல் செங்கல்பட்டில் போலீஸ் துப்பாக்கியால் பதில் சொன்னது. ஜான் தாமஸ், ஏழுமலை என்ற இரண்டு தோழர்களைக் காவு கொடுத்தோம். ஒரு பதிவேட்டின் ஒரு கலத்துக்காக உயிர் போயிருக்கிறது. ஆகவே பட்டியல், கலம், குறி என்று நான் பேசுவதை யாரும் குமாஸ்தாப் பேச்சு என்று ஒதுக்கவேண்டாம்.

அந்த நிலத்தின் கோப்புகளைத் தேடுவதிலும் ஒரு பாடம் இருக்கிறது. 1892இல் அது வருவாய்த்துறை. 1920 வாக்கில் ஒடுக்கப்பட்ட வகுப்பினர் விவகாரம் லேபர் கமிஷனர் கைக்குப் போகிறது. விடுதலைக்குப் பிறகு ஹரிஜன நலத்துறை, பிறகு ஆதிதிராவிடர் நலத்துறை. நிலத்தைத் தேடுகிறவன் லேபர் இன்டெக்ஸைப் புரட்டவேண்டும் என்று யார் சொல்லித் தருவது? இந்த வழியைக் காட்டும் ஒரு தேடுகையேட்டைத் தமிழில் எழுதி ஊருக்கு ஊர் கொடுத்தால் அது ஒரு போராட்டத்துக்குச் சமம்.

4

எதிரி இதை எப்போதோ புரிந்துகொண்டான். 1995 ஆகஸ்ட் 31இல் கொடியங்குளத்துக்குள் புகுந்த போலீஸ் வீடுகளை உடைத்ததோடு நிற்கவில்லை. பாஸ்போர்ட்டுகளையும் படிப்புச் சான்றிதழ்களையும் நாசமாக்கியது. ஒரு சமூகம் முன்னேறியதற்கான காகிதத்தை அழித்தால் முன்னேற்றத்தையே அழிக்கலாம் என்கிற கணக்கு.

காகிதம் பிழைப்பதற்கு வீடு வேண்டும், பரண் வேண்டும். கோட்டையூரில் ரோஜா முத்தையா செட்டியார் சேர்த்த புத்தகங்களும் இதழ்களும் அவருக்குப் பிறகு சிகாகோ பல்கலைக்கழகத்தின் உதவியோடு 1994இல் சென்னையில் ஆராய்ச்சி நூலகமாக எழுந்தன. மதிக்கவேண்டிய வேலை. தமிழ் ஆராய்ச்சி செய்கிற எல்லாரும் அங்கே போகிறோம். ஆனால் ஓலைக்கூரையில் ஒழுகாத மூலை எது என்று பார்த்து டிரங்குப் பெட்டி வைக்கிற குடும்பத்தில் எது மிஞ்சும்?

மிஞ்சியிருக்கிறது, தோழர்களே. அதுதான் அதிசயம். அயோத்திதாசப் பண்டிதர் 1907இல் 'ஒரு பைசாத் தமிழன்' தொடங்கினார். அடுத்த ஆண்டில் அது 'தமிழன்' ஆனது. 1914இல் பண்டிதர் மறைந்தார். பிறகு எண்பது ஆண்டுகள் தமிழ்நாட்டு அறிவுலகத்துக்கு அப்படியொரு மனிதர் இருந்தாரா என்றே தெரியாது. ஆனால் கோலார் தங்கவயலில் சுரங்கத்துக்குள் இறங்கிய நம் ஆட்கள் அவர் எழுத்தைத் திரும்பத் திரும்ப அச்சிட்டார்கள். சித்தார்த்தா புத்தகசாலை என்று ஒன்றையே நடத்தினார்கள். சென்னையில் அன்பு பொன்னோவியம் போன்றவர்கள் இதழ்க்கட்டுகளைக் கண்ணாகக் காத்தார்கள். இதோ பக்கத்தில் திருப்பத்தூரில் டி.பி. கமலநாதன் விடாமல் அந்த வரலாற்றை எழுதிக்கொண்டிருந்தார். அப்படிக் காப்பாற்றப்பட்டதால்தான் ஞான. அலாய்சியஸ் 1999இல் பாளையங்கோட்டையிலிருந்து 'அயோத்திதாசர் சிந்தனைகள்' தொகுதிகளைக் கொண்டுவர முடிந்தது.

அரசாங்கக் காப்பகம் செய்யாததைச் சேரிக்காரன் செய்தான். இதைத் தேடுகையேட்டில் எங்கே எழுதுவது? இடம் இருக்கிறது. இ.ஏ.டி.யில் 'கஸ்டோடியல் ஹிஸ்டரி' என்று ஒரு கூறு. இந்தக் காகிதம் யார் யார் கையில் இருந்து எப்படி இங்கே வந்தது என்கிற காவல் வரலாறு. பெரும்பாலான காப்பகங்களில் ஒரே வரியில் முடிக்கிற இடம். நமக்கு அது பாதி வரலாறு. எந்தச் சுரங்கத் தொழிலாளி தன் கூலியில் அச்சுக்கூலி கொடுத்தான், எந்த வீட்டுப் பெண் மழையில் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடினாள் என்பதெல்லாம் அங்கே ஏறவேண்டும்.

ஜெ. பாலசுப்பிரமணியம் 1869 முதல் 1943 வரை வந்த தலித் இதழ்களைத் தேடித் தொகுத்து 2017இல் 'சூரியோதயம் முதல் உதயசூரியன் வரை' என்று ஒரு நூல் வெளியிட்டார். அவற்றில் பல இதழ்களுக்கு ஒரு பிரதிகூடக் கையில் இல்லை. வேறு இதழில் வந்த குறிப்பை வைத்துத்தான் இருந்தது என்றே தெரிகிறது. இல்லாத இதழுக்கும் பட்டியல் போட்டதால் இனி யார் வீட்டுப் பரணிலாவது ஒரு தாள் கிடைத்தால் அது என்ன தாள் என்று நமக்குத் தெரியும்.

5

சரி, நம் பக்கத்துக்கு வருவோம். பேரணாம்பட்டிலிருந்து இராணிப்பேட்டை வரைக்கும் இந்தப் பாலாற்றங்கரை. தோல் ஷாப்பு. ஆவாரம்பட்டைக் காலத்திலிருந்து குரோம் காலம் வரைக்கும் சுண்ணாம்புக் குழியில் இறங்கியவர்கள் யார் என்று உங்களுக்கு நான் சொல்லவேண்டியதில்லை. இப்போது ஷூ கம்பெனி வாசலில் காலையில் பஸ் நிற்கும்போது இறங்குகிற பெண்கள் யார் என்றும் சொல்லவேண்டியதில்லை.

இந்த உழைப்பின் ஆவணம் எங்கே இருக்கிறது? தோல் ஏற்றுமதிப் புள்ளிவிவரத்தில், 'ஹைட்ஸ் அண்ட் ஸ்கின்ஸ்' என்கிற தலைப்பில். ஃபேக்டரி இன்ஸ்பெக்டர் கோப்பில். 1944இல் அமைத்த ரேகே குழு, தோல் தொழிலாளர் நிலைமைக்கென்றே தனியாக வெளியிட்ட அறிக்கையில். வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் 1996 ஆகஸ்ட் 28இல் உச்ச நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பில். சட்டக் கல்லூரியில் அந்தத் தீர்ப்பைப் படிக்காதவர் இல்லை. 'மாசு செய்தவரே செலவை ஏற்கவேண்டும்' என்கிற கொள்கைக்காகப் படிக்கிறார்கள். அது சுற்றுச்சூழல் சட்டம் என்கிற தலைப்பில் இருக்கிறது. தோலைக் கையால் புரட்டியவரின் சாதி அந்தத் தலைப்பில் இல்லை. பாலாற்று மாசுக்கு இழப்பீடு பற்றி 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் மறுபடியும் தீர்ப்பு சொல்லியிருக்கிறது. இழப்பீடு என்றால் காகிதம் வேண்டும். நிலம் இருப்பவரிடம் பட்டா இருக்கும். தண்ணீர் கெட்டதால் கூலி வேலை போனவரிடம் என்ன இருக்கும்? தோல் வெடித்த கையைத்தவிர?

இருக்கிறது என்கிறேன். பெட்டியைத் திறங்கள். ஒரு வீட்டுப் பெட்டியைக் கற்பனை செய்துகொள்வோம். உள்ளே சம்பளக் கவர்கள், பி.எஃப். சீட்டு, இ.எஸ்.ஐ. அட்டை, ஆஸ்பத்திரிச் சீட்டு, சங்கச் சந்தா ரசீது, அம்பேத்கர் பிறந்தநாள் விழா நோட்டீஸ், கோலாரிலிருந்து மாமன் எழுதிய கார்டு, பாட்டு எழுதிய நோட்டு, நாலு போட்டோ. இதற்கு ஆறு கூறு போடுவோம்.

எண்: ஊர், தெரு, வீட்டுக்கு ஒரு வரிசை எண். மற்றவர்கள் கொடுக்கிற எண்ணோடு மோதாதபடி. தலைப்பு: 'தோல் ஷாப்புத் தொழிலாளி இன்னாரின் குடும்பத் தாள்கள்'. காலம்: கையில் இருக்கிற மிகப் பழைய தாளிலிருந்து மிகப் புதிய தாள் வரை. தேதி இல்லாததற்கு வீட்டில் பெரியவங்களைக் கேளுங்கள். 'அது அவங்கக்கா கல்யாணத்துக்கு மொத வருசம்' என்பார்கள். அதையும் எழுதுங்கள், 'குடும்பத்தார் சொன்னபடி' என்று குறித்து. அளவு: ஒரு பெட்டி, ஏறக்குறைய இத்தனை தாள். மட்டம்: முழுத் தொகுப்பு. உருவாக்கியவர்: அந்தத் தொழிலாளி. அவர் கைநாட்டு வைப்பவராக இருந்தாலும் அவர்தான். காகிதம் திரண்டது அவர் வாழ்க்கையில். காப்பகவியலின் அதே விதிப்படி இந்த இடத்தில் கலெக்டருக்கு வேலை இல்லை. அவர்கள் சட்டத்தை வைத்தே நம் பெயரை மேலே ஏற்றுகிறோம்.

இன்னொன்று. ஒழுங்கைக் கலைக்காதீர்கள். படிச்ச பையன் போனதும் முதல் வேலையாகத் தேதிவாரியாக அடுக்குவான். கூடாது. ஆஸ்பத்திரிச் சீட்டும் சம்பளக் கவரும் ஒரே ரப்பர் பேண்டில் கிடந்தால் அது தற்செயல் என்று யார் சொன்னது? எந்த மாசம் எந்த செக்ஷனில் நின்றதால் கையில் புண் வந்தது என்று அந்த அம்மா அடுக்கி வைத்த வாதம் அது. வக்கீல் எழுதாத மனு. முதலில் இருந்த வரிசையைக் குறித்துக்கொண்டு, போட்டோ எடுத்துக்கொண்டு, பிறகுதான் கை வைக்கணும்.

இப்போதெல்லாம் கையில் செல்போன் இருக்கிறது, எல்லாரும் ஸ்கேன் செய்கிறார்கள். நல்லது. ஆனால் பட்டியல் இல்லாத ஸ்கேன் இன்னொரு பரண். இரண்டாயிரம் படம் ஒரு ஃபோல்டரில் வெறும் எண்ணாகக் கிடந்தால் அடுத்த தலைமுறை என்ன செய்யும்? நம் சிறுபத்திரிகைகளையே எடுத்துக்கொள்ளுங்கள். தொண்ணூறுகளில் பேஜ்மேக்கரில், ஆளுக்கொரு எழுத்துருவில் அடித்தோம். அந்த எழுத்துரு இல்லாத மெஷினில் இன்று திறந்தால் கிறுக்கல்தான் வரும். 2010இல் தமிழ்நாடு அரசு யூனிகோடைத் தரமாக அறிவித்தது. அதனால் பட்டியலை யூனிகோடில் அடியுங்கள். இ.ஏ.டி. குறியெல்லாம் பிறகு போடலாம், அதற்கு ஆள் கிடைக்கும். கலங்களைச் சரியாகப் பிரித்து ஒரு சாதாரண அட்டவணையில் எழுதிவிட்டால் பாதி வேலை முடிந்தது.

6

இரண்டு எச்சரிக்கை சொல்லவேண்டும்.

ஒன்று, கண்டுபிடிக்கப்படுவதும் ஆபத்துதான். தேடினால் கிடைக்கவேண்டும் என்று இவ்வளவு நேரம் பேசினேன். ஆனால் வழக்கில் சாட்சி சொன்ன பெண்ணின் பெயர், சாதி மறுத்துக் கல்யாணம் செய்தவர்களின் முகவரி, சங்கத்தில் சேர்ந்த புதுத் தொழிலாளியின் பெயர் இதெல்லாம் யார் தேடினாலும் கிடைக்கலாமா? கூடாது. அதற்கும் கலம் இருக்கிறது. யார் பார்க்கலாம், எத்தனை ஆண்டு மூடி வைக்கவேண்டும் என்கிற அணுகல் நிபந்தனை. அமெரிக்கப் பூர்வகுடிகள் 2006இல் தங்கள் சமூகத்தின் ஆவணங்களைக் காப்பகங்கள் எப்படிக் கையாளவேண்டும் என்று தாங்களே நெறிமுறை வகுத்தார்கள். எதைக் காட்டுவது, எதைக் காட்டக்கூடாது என்பதைச் சமூகத்திடம் கேட்டுச் செய்யுங்கள் என்றார்கள். நாமும் வகுக்கவேண்டும். முடிவு குடும்பத்துடையது. இயக்கத்துடையது என்றுகூட நான் சொல்லமாட்டேன்.

பழைய கோப்பின் இழிசொல்லை என்ன செய்வது என்று மாணவர்கள் கேட்பார்கள். மூலத்தில் இருப்பதை மாற்றக்கூடாது. அது அவர்கள் செய்த குற்றத்தின் சாட்சியம். மேற்கோளுக்குள் அப்படியே வைப்போம். விவரிப்பு மட்டும் நம் சொல்லில் இருக்கும்.

இரண்டாவது எச்சரிக்கை நமக்கே. தலித் என்கிற ஒரே குறியைப் போட்டுவிட்டு நிம்மதியாக இருக்கக்கூடாது. தோல் என்றால் அருந்ததியர் வரலாறும்தான். அந்தப் பெயர் நம் பட்டியலில் தனியாக ஏறுகிறதா? 2009இல் உள் ஒதுக்கீட்டுச் சட்டம் வரும்வரைக்கும் பொதுப்பெயருக்குள் தங்கள் பங்கு காணாமல் போனது என்று அவர்கள் சொன்னார்களே, அதைக் கேட்டோமா? பெண்கள்? 'இன்னாரின் மனைவி' என்று எழுதினால் கலெக்டர் நமக்குச் செய்ததை நாம் அவர்களுக்குச் செய்கிறோம் என்று அர்த்தம். பீடி சுற்றிய கை, ஷூவுக்கு மேல்பாகம் தைத்த கை, பாட்டு நோட்டு எழுதிய கை, அத்தனையும் உருவாக்கியவர் என்கிற கலத்தில் தன் பெயரோடு நிற்கவேண்டும்.

ஆக, தோழர்களே, வேலை இதுதான். இந்தக் கூட்டத்தில் இருக்கிற ஒவ்வொரு மாணவரும் லீவில் ஊருக்குப் போகும்போது ஒரு வீட்டுப் பெட்டியைத் திறக்க அனுமதி கேளுங்கள். எடுத்துக்கொண்டு வராதீர்கள். பெட்டி அந்த வீட்டிலேயே இருக்கட்டும். ஆறு கலம், அதோடு காவல் வரலாறு, அணுகல் நிபந்தனை, மொத்தம் எட்டு. ஒரு நோட்டில் எழுதுங்கள். ஒரு பிரதியை அந்த வீட்டுக்காரரிடமே கொடுங்கள், அவர்களுக்குப் படித்துக் காட்டுங்கள். தப்பு என்றால் அவர்கள் திருத்துவார்கள். பத்து ஊர் சேர்ந்தால் அது இந்தத் தோல்பதனிடும் வட்டாரத்தின் முதல் தேடுகையேடு. சட்டம் படிக்கிறவர்கள் பஞ்சமி நிலக் கோப்புகளின் துறை மாற்றங்களை ஒரே தாளில் எழுதிக் கொண்டுவாருங்கள். கம்ப்யூட்டர் படிக்கிறவர்கள் குறி போடக் கற்றுக்கொள்ளுங்கள். பத்து நாள் பாடம், அவ்வளவுதான்.

நம்மைப் பட்டியலில் எழுதியவர்கள் கேட்டுக்கொண்டு எழுதவில்லை. நாம் கேட்டு எழுதுவோம்.

ஜெய்பீம்.